புகை போட்ட புத்தகம்

கந்தையா அண்ணையின் குடிலுக்குள், புகை போடத் தொங்கவிட்ட புகையிலைகளுக்கு நடுவில், ஒரு புத்தகமும் தொங்கிக்கொண்டிருந்தது.

நடுவால் பிரித்து, ஈரச் சேலையைக் கொடியில் போடுவது போலக் கயிற்றில் போட்டிருந்தோம். கீழே நிலத்தில் வெட்டிய கிடங்கில் தேங்காய்ப் பொச்சுமட்டையும் பனங்கொட்டை ஊமலும் புகைந்தன. நான் வாசலில் குந்தியிருந்து, கண்ணையும் மூக்கையும் மாறி மாறித் துடைத்துக்கொண்டு, பிரசவ வார்ட்டுக்கு வெளியே நிற்கும் புருஷனைப் போல உள்ளே எட்டி எட்டிப் பார்த்தேன்.

“யோசியாதையும் தம்பி,” என்றார் கந்தையா அண்ணை. “நாளைக்குப் பின்னேரம் இறக்கலாம். உதைவிட மோசமாய் நனைஞ்ச இலையை எல்லாம் நான் எழுப்பியிருக்கிறன்.”

“அண்ணை, இது இலை இல்லை. புத்தகம்.”

“கடதாசியும் மரத்திலையிருந்துதானே வருகுது? புகை ஆளறிஞ்சு வேலை செய்யிறேல்லை.”

அது ஒரு புதன்கிழமை. வெள்ளிக்கிழமை காலையில் அந்தப் புத்தகம் பாடசாலை அதிபரின் மேசையில் இருக்கவேண்டும். இருந்தால் யோகம் ரீச்சரின் கண்காட்சி நடக்கும். இல்லாவிட்டால் நடக்காது. புத்தகம் ரீச்சருடையது. நனைத்தவன் நான்.

இந்தத் தொடரில் இந்த அத்தியாயத்தை எழுதாமல் பல கிழமைகளாகத் தள்ளிக்கொண்டு வந்தேன். காரணம், இதில் நான் ஒருவரை ஏமாற்றியிருக்கிறேன். அவர் சுகமாக இருக்கிறார். இந்த வார இதழைத் தபாலில் எடுத்து வாசிக்கிறார். போன கிழமை நான் எழுதிய ஆட்டுக்கடாக் கதையில் திகதி பிழையென்று தபாலட்டையும் போட்டிருக்கிறார். சேர், இந்தக் கிழமை நான் திகதியே போடவில்லை. ஆறுதலாக வாசியுங்கோ. குற்றம் நடுவில் வரும்.

இருபது கட்டிச் சவர்க்காரம்

சண்டிலிப்பாயில் எங்கள் வீட்டிலிருந்து நான்காவது வீடு யோகம் ரீச்சருடையது. தாயும் மகளும் மட்டும். பக்கத்துப் பாடசாலையில் சித்திரம் படிப்பித்தார். என்னைவிட ஐந்தாறு வயது இளையவர். அதனால் நான் அவருக்கு அண்ணை. ஆனால் ரீச்சர் என்றால் ரீச்சர்தான், நான் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

சண்டையில் மின்சாரம் போய்ச் சில வருடங்கள் ஆகியிருந்தன. ஜாம் போத்தலில் திரி போட்டு விளக்கெரித்தோம். சவர்க்காரத்தை நூலால் அறுத்துப் பங்கிட்டோம். அப்படியான காலத்தில், ஜேர்மனியில் இருந்த ரீச்சரின் தம்பி ஓர் ஆளிடம் ஒரு பார்சல் கொடுத்துவிட்டான். அந்த ஆள் கொழும்புக்கு வந்து, ரயிலில் ஏறி, இறங்கி நடந்து, கடலேரியை வள்ளத்தில் கடந்து, தோள் வீங்கக் கொண்டுவந்து சேர்த்தார். பிரித்துப் பார்த்தால் புத்தகம்.

ரீச்சரின் அம்மா அதைக் கையில் தூக்கி நிறுத்துப் பார்த்தார். “உவனுக்கு விசர். இந்தப் பாரத்துக்கு இருபது கட்டி சவர்க்காரம் வந்திருக்கும்.”

வழியில் சோதனைச் சாவடியில் அதைத் திறந்து பார்த்தார்களாம். பழைய இரும்பைக் குவித்து வைத்தது போன்ற ஒரு படத்தை ஒரு சிப்பாய் கனநேரம் பார்த்துவிட்டு, இது என்ன என்று கேட்டானாம். கலை என்று இவர் சொன்னாராம். அவன் இரக்கத்தோடு ஒரு பார்வை பார்த்து, போ என்று கையைக் காட்டினானாம்.

அது இப்போது உயிரோடு வேலை செய்யும் கலைஞர்களைப் பற்றிய புத்தகம். சிற்பம் செய்கிறவர்கள், ஓவியம் தீட்டுகிறவர்கள், அதோடு ஒரு முழு அறையையே எடுத்து அதற்குள் எதையாவது செய்து வைக்கிறவர்கள். இந்த மூன்றாம் வகைக்குத் தமிழில் என்ன பெயர் என்று எங்களுக்குத் தெரியவில்லை. ரீச்சர் “அறை வேலை” என்று பெயர் வைத்தார். ஒருவர் பழைய கட்டில்களைத் தென்னைமர உயரத்துக்கு அடுக்கியிருந்தார். இன்னொருவர் ஓடாத லொறியின் ரயர்களை வெட்டி எருமை செய்திருந்தார். ஓர் அம்மா ஓர் அறை முழுக்க நூல் கட்டி, நடுவில் ஒரு கதிரையை மட்டும் விட்டிருந்தார். ஓர் ஓவியம் முழுவதும் சாம்பல் நிறம், மூலையில் மட்டும் ஒரு சொட்டு மஞ்சள்.

“ரீச்சர், உதெல்லாம் பழசுகள் எறியிற எங்கடை வீட்டுக் கோடிப்பக்கம் மாதிரியெல்லோ கிடக்கு,” என்று பகிடி விட்டேன்.

“அதைத்தான் அண்ணை நானும் சொல்லுறன்,” என்றார் ரீச்சர். அவர் சிரிக்கவில்லை.

புத்தகம் வருவதற்கு முன்னமே அவருடைய பரீட்சை வகுப்புப் பிள்ளைகள் அப்படியான வேலைகளைச் செய்யத் தொடங்கியிருந்தார்கள். வர்ணம் கிடைக்கவில்லை, தாள் கிடைக்கவில்லை, கிடைத்ததை வைத்துச் செய்தார்கள். குண்டுக்குப் பதுங்கும் பங்கருக்கு மண் நிரப்பும் சாக்குகளால் படுத்திருக்கும் பசு ஒன்று. கறுத்துப்போன ஜாம் போத்தல்களால் ஒரு பனைமரம். அதிபர் வந்து பார்த்துவிட்டு நெற்றியைத் தடவினார்.

“ரீச்சர், சித்திரமெண்டால் ஒரு பூச்சாடி இருக்கவேணும். இல்லாட்டில் ஒரு தேர் இருக்கவேணும். உது பழைய சாமான். உதைப் பாக்கவோ தாய் தேப்பனைக் கூப்பிடச் சொல்லுறியள்?”

“வேறை நாடுகளிலை இப்பிடிச் செய்யினம் சேர்.”

“செய்யினமெண்டால் புத்தகத்திலை காட்டுங்கோ. வெள்ளிக்கிழமை கொண்டுவாங்கோ. பாப்பம்.”

அந்தப் பிள்ளைகள் அடுத்த மாதம் பரீட்சை எழுதிவிட்டுப் போய்விடுவார்கள். எங்கே போவார்கள் என்று அந்த நாட்களில் யாரும் யாரையும் கேட்பதில்லை. போகுமுன், அவர்கள் கையால் செய்ததை அவர்களைப் பெற்றவர்கள் ஒருமுறை வந்து பார்க்கவேண்டும். ரீச்சரின் ஆசை அவ்வளவுதான்.

புத்தகம் ஆங்கிலத்தில் இருந்தது. நான் அரசாங்கக் கந்தோரில் இங்கிலீஷ் ரைப்பிஸ்ட். எனவே எனக்கு ஆங்கிலம் தெரியும் என்று ஊர் நம்பியது. உண்மையைச் சொன்னால், என் விரல்களுக்கு மட்டுமே தெரியும். எழுத்துகள் கண்ணால் போய் விரலால் இறங்கிவிடும், மூளைப் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. இருந்தும், “ஒவ்வொரு படத்துக்கும் தமிழிலை ரெண்டு வரி எழுதித் தாங்கோ அண்ணை” என்று ரீச்சர் கேட்டபோது, மாட்டேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது.

ரீச்சர் புத்தகத்துக்கு உரப்பையை வெட்டி உறை போட்டிருந்தார். “உறையை மட்டும் கழட்டிப் போடாதேங்கோ,” என்று சொல்லித் தந்தார். முதலாவது தெரு முடக்கிலேயே கழற்றினேன். பளபளப்பான வெளிநாட்டு அட்டையோடு சைக்கிளில் போகும்போது நாலு பேர் பார்க்கவேண்டாமா?

குக்கர் மூடி

என் பயத்தைப் பற்றி இங்கே கொஞ்சம் சொல்லவேண்டும். அது என்னைவிடப் பழையது.

தமிழர் வீடுகள் எரிந்த அந்த ஆடி மாதம் நான் கொழும்பில் வேலை. தெரு முழுக்கச் சத்தம், புகை. வீட்டுக்காரர் ஓடச் சொன்னார். கையில் அகப்பட்ட முக்கியமானதைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். அகதி முகாமில் போய் மூச்சு வாங்கியபின் பார்த்தால், கையில் குக்கர் மூடி. குக்கர் இல்லை, மூடி மட்டும். கப்பலில் காங்கேசன்துறை வரைக்கும் அதை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தேன். கப்பலில் பலரும் பலதை இழந்து அழுதார்கள். என் பக்கத்தில் இருந்த கிழவர் மட்டும் என் மூடியைப் பார்த்துச் சிரித்தார். இரண்டு நாளாக அவர் சிரித்தது அதுதான் முதல் என்று அவர் மகள் சொன்னாள். ஆகவே அந்த மூடி முற்றிலும் வீண் என்று சொல்லமாட்டேன்.

அதற்குப் பிறகுதான் எனக்குக் கலியாணம். என் மனைவி சரஸ் இந்தக் கதையைக் கேட்டு மனதில் வைத்துக்கொண்டாள். பொம்மர் விமானங்கள் குண்டு போடத் தொடங்கிய காலத்தில், எல்லா வீட்டிலும் போல எங்கள் வீட்டிலும் வாசலுக்குப் பக்கத்தில் ஒரு பை தொங்கியபோது, அந்தப் பைக்கு அவள்தான் பொறுப்பு என்று சொல்லிவிட்டாள். காணி உறுதி, பிறப்புப் பத்திரம், அடையாள அட்டை, ஒரு சோடி உடுப்பு, தலையிடிக் குளிசை. சத்தம் கேட்டால் பையை எடு, பங்கருக்குள் இறங்கு. குளிக்கப் போனாலும் பை கிணற்றுக்கட்டில் இருக்கும். கந்தோருக்குப் போனாலும் கதிரையில் தொங்கும். எங்கள் ஊரில் அந்த நாட்களில் பை இல்லாத ஆளைப் பார்த்தால் பைத்தியமென்று நினைப்பார்கள்.

கந்தையா அண்ணையின் பம்ப்

புத்தகம் நனைந்தது செவ்வாய்க்கிழமை. அதற்கு முந்தின இரண்டு நாளும் காலம் தப்பிப் பெய்த மழை. வெட்டிய புகையிலை குடிலில், வெட்டாத புகையிலை தண்ணீரில். பக்கத்து வளவில் கந்தையா அண்ணை மண்வெட்டியோடு வெறி பிடித்தவர் மாதிரித் திரிந்தார்.

நான் கந்தோருக்கு லீவு போட்டுவிட்டு, மத்தியானம் விறாந்தையில் இருந்து, கட்டில் கோபுரத்துக்கு இரண்டு வரி தேடிக்கொண்டிருந்தேன். தூரத்தில் ஓர் இரைச்சல். முதலில் மெல்லிதாக, பிறகு தடித்து, நேரே என்னை நோக்கி.

“பொம்மர்!” என்று கத்தினேன்.

கத்தும்போதே பாய்ந்துவிட்டேன். பங்கருக்குள் முழங்கால் தண்ணீர் நிற்பது எனக்குத் தெரியும். கால்களுக்குத் தெரியவில்லை. வழுக்கித் தண்ணீருக்குள் இருந்துவிட்டேன். கையில் புத்தகம். குண்டிலிருந்து தலையைக் காக்க அதைத் தலையில் கவிழ்த்தேன். இரைச்சல் கூடக்கூடத் தலையைத் தாழ்த்தினேன். தலை தாழத் தாழப் புத்தகமும் தாழ்ந்தது.

கன நேரத்துக்குப் பிறகு மேலே சரஸின் குரல் கேட்டது. அவள் ஓடவில்லை. பை அவள் தோளில் இருந்தது. வாயில் வெற்றிலை இருந்தது.

“இஞ்சருங்கோ, என்ன செய்யிறியள்?”

“இறங்கு! பொம்மர்!”

“அது கந்தையா அண்ணையின்ரை மண்ணெண்ணெய்ப் பம்ப். தோட்டத்து வெள்ளத்தை இறைக்கிறார்.”

நான் மெல்ல எழும்பினேன். அவள் என் கையைப் பார்த்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்தாள்.

“இந்த முறை மூடி இல்லை,” என்றாள். “அது ரீச்சரின்ரை புத்தகமெல்லோ?”

பளபளப்பான தாளில் ஒரு குணம் உண்டு. நனைந்து, மூடியபடி காய்ந்தால், பக்கத்தோடு பக்கம் பசை போட்டது போல ஒட்டிவிடும். இதை எனக்குப் பிறகு யார் யாரோ விளக்கினார்கள். அன்றைக்கு வெயில் இல்லை, மின்சாரம் இல்லை, அடுப்பருகே வைத்தால் எரிந்துவிடும் என்ற பயம். கந்தையா அண்ணை வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார். தன் பம்ப் செய்த வேலையைக் கேட்டு உண்மையாகவே மனம் வருந்தினார். “குடிலிலை கொண்டுவந்து போடும்,” என்றார். ஊர் தன் இலையை நம்பிக் கொடுத்த கை அது. நானும் நம்பினேன்.

பழுதாக்கினது பழுதாக்கினதுதான்

வியாழன் பின்னேரம் இறக்கினோம். நடுப்பகுதி பிரிந்தது. மட்டைகளை அண்டிய பக்கங்களும் பிரிந்தன. இடையில் ஒரு விரல் தடிப்புக்குப் பக்கங்கள் பலகையாகிவிட்டன. வெள்ளைத் தாள் தேத்தண்ணி நிறம். மணமோ, சுருட்டுக்குள் புகுந்து படுத்தது போல.

ரீச்சரிடம் கொண்டுபோனேன். வழியெல்லாம் எட்டுப் பகிடிகள் தயாரித்து வைத்திருந்தேன். அவர் புத்தகத்தை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். ஏசியிருக்கலாம். அழுதிருக்கலாம். ஒவ்வொரு பக்கமாக விரலை வைத்துப் பிரிந்ததை மட்டும் எண்ணினார்.

முதலாவது பகிடியை எடுத்துவிட்டேன். “ரீச்சர், இந்தக் கட்டியையே ஒரு சிற்பமெண்டு வைச்சால் என்ன?”

“அண்ணை,” என்றார் அவர், தலை நிமிராமல். “பழுதாக்கினது பழுதாக்கினதுதான். அதுக்குப் பேர் வைக்காதேங்கோ.”

மிச்சம் ஏழு பகிடிகளையும் நான் திருப்பிக் கொண்டுவந்துவிட்டேன்.

குற்றம்

வெள்ளிக்கிழமை. அதிபரின் அறை. மேசைக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் ரீச்சரும் நானும். அதிபர் புத்தகத்தைத் திறந்தார். மூக்கைச் சுளித்தார்.

“உது என்ன மணம்?”

“புகையிலை சேர்,” என்றேன்.

“வெளிநாட்டுப் புத்தகம் புகையிலை மணக்குமோ?”

“அங்கையும் குடிக்கினம்தானே சேர்.”

ரீச்சர் என் காலை மிதித்தார். அதிபர் கட்டில் கோபுரத்தைப் பார்த்தார். ரயர் எருமையைப் பார்த்தார். நூல் கட்டிய அறையில் கொஞ்சம் நின்றார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

“சரி, செய்யினம். ஒத்துக்கொள்ளுறன். ஆனால் ரீச்சர், கட்டில் கூடின நாட்டிலை கட்டிலை அடுக்கினம். எங்கடை ஆக்களுக்கு உதிலை என்ன இருக்கு? ஒரு தாய் வந்து பாத்திட்டு என்ன விளங்கிக்கொண்டு போவா?”

ரீச்சர் வாயைத் திறந்தார். அவருக்குச் சொல்லத் தெரியாததில்லை. முதல்நாள் இரவு முழுக்க அவர் படங்களையே பார்த்துக்கொண்டிருந்திருப்பார், வாயில் படம்தான் இருந்தது, சொல் இருக்கவில்லை. அதிபர் புத்தகத்தை மூடப் போனார். என் கண் அங்குமிங்கும் ஓடியது. அதிபரின் கதிரை முதுகில் ஒரு கறுத்த றெக்சின் பை தொங்கியது. வாரில் இரண்டு முடிச்சு.

சேர், இங்கேதான்.

“ஒட்டின பக்கத்திலை ஒண்டு இருக்கு சேர்,” என்றேன். “புத்தகம் நனையமுன்னம் நான் வாசிச்சனான். சண்டை நடக்கிற ஒரு நாட்டிலை, ஒரு பொம்பிளை, ஊர்ச் சனம் ஓடுறதுக்கெண்டு கட்டி வைச்சிருக்கிற பையளை வாங்கி, ஒரு மண்டபத்துச் சுவரிலை ஆணி அடிச்சுத் தொங்கவிட்டிருக்கிறா. வேறை ஒண்டுமில்லை. பை மட்டும்.”

அதிபர் பலகையான பக்கங்களுக்குள் பெருவிரல் நகத்தை விட்டுப் பிரித்துப் பார்த்தார். பிரியவில்லை.

“எந்த நாடு?”

“அது ஒட்டின பக்கத்திலை இருக்கு சேர்.”

அவர் திரும்பித் தன் பையைப் பார்த்தார். அவர் வடக்குப் பக்கத்து ஊர்க்காரர். ஏற்கெனவே ஒருமுறை எல்லாவற்றையும் விட்டுவிட்டு, அந்தப் பையோடு சண்டிலிப்பாய்க்கு வந்தவர். அது எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டுதான் சொன்னேனா, பயத்தில் வாயில் வந்ததா என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியாது.

“உதையும் செய்யேலுமோ ரீச்சர்?” என்றார் மெதுவாக. “உதையும் சேத்துச் செய்யிறதெண்டால் மண்டபத்தைத் தாறன்.”

வெளியே வந்து வேப்பமரத்தடிவரை ரீச்சர் முன்னால் நடந்தார். பிறகு திரும்பினார்.

“அப்பிடி ஒண்டு அதிலை இல்லை.”

“ஓம்.”

“என்ரை பிள்ளையள் செய்தது உண்மையான வேலை அண்ணை. அது ஒரு பொய்க்குள்ளாலைதான் வெளியாலை வரவேணுமோ?”

காகமொன்று எனக்காகக் கத்தியது.

“சேரிட்டை நீங்களே உண்மையைச் சொல்லிப்போடவேணும்.”

“சொல்லுறன். கண்காட்சி முடிஞ்ச கையோடை சொல்லுறன்.”

ஆணிகள்

பொய் சொல்வது சுலபம், அதைச் சுவரில் தொங்கவிடுவதுதான் கஷ்டம். வீடு வீடாகப் போனோம். ஒருவரும் பை தரவில்லை. தரவும் முடியாதே. கண்காட்சி நடக்கும்போது சத்தம் கேட்டால்? ஓர் அம்மா ரீச்சரின் கையைப் பிடித்துச் சொன்னார், “என்னை வேணுமெண்டால் கொண்டுபோய்த் தொங்கவிடு பிள்ளை. பையைத் தரமாட்டன்.”

ரீச்சர் இரண்டு நாள் யோசித்தார். மூன்றாம் நாள் ஒரு கம்போடு வந்தார். “பை வேண்டாம். ஆணியை அளப்பம்,” என்றார்.

அப்படித்தான் அளந்தோம். ஒவ்வொரு வீட்டிலும் பை தொங்கும் ஆணி நிலத்திலிருந்து எவ்வளவு உயரம் என்று கம்பில் கோடு போட்டோம். கூன் விழுந்த கிழவிக்கு இடுப்பளவு. குழந்தை இழுத்துப் போடும் வீட்டில் தலைக்கு மேலே. எங்கள் வீட்டில் சரஸின் தோளளவு. “என்ரை கைக்கு எட்டினால் போதும்,” என்றாள் அவள், என்னைப் பார்க்காமல். அதிபர் வீட்டில் ஆணியே இல்லை. அவர் பாயில் படுத்து, பையைத் தலைமாட்டில் வைத்துக்கொள்கிறவர். அதைச் சொல்ல அவருக்குக் கூச்சமாக இருந்தது. ரீச்சர் கேட்டு எழுதிக்கொண்டார். மண்டபத்தில் அவருடைய ஆணி நிலத்திலிருந்து ஒரு சாண் உயரத்தில் அடிக்கப்பட்டது.

ஒவ்வோர் ஆணிக்கும் கீழே ஒரு பெயர்த்துண்டு. வருகிறவர்கள் தங்கள் ஆணியில் தங்கள் பையைத் தாங்களே தொங்கவிட்டு, நிற்கும்வரை நிற்கட்டும், போகும்போது எடுத்துக்கொண்டு போகட்டும் என்றார் ரீச்சர்.

கண்காட்சி நாள் பகல். சனம் வந்தது. முதலில் ஒரே சிரிப்பு. “என்ரை பையை நான் பாக்கிறதுக்கோ இவ்வளவு தூரம் வந்தனான்?” என்று கந்தையா அண்ணை கேட்டார். ஆனால் பெயரைத் தேடித் தொங்கவிட்டார். எல்லோரும் தொங்கவிட்டார்கள். சீத்தைத் துணிப் பை, உரப்பையில் தைத்த பை, பாடசாலைப் பை, கலியாண வீட்டில் கொடுத்த பை.

கொஞ்ச நேரத்தில் சிரிப்பு அடங்கியது. தங்கள் பையைப் பார்க்க வந்தவர்கள் அடுத்தவர் பையைப் பார்க்கத் தொடங்கினார்கள். ஒரு பையில் பாற்போத்தலின் றப்பர் சூப்பி மட்டும் வெளியே தெரிந்தது. ஒன்றில் ஊன்றுகோல் செருகியிருந்தது. யாரும் யாரையும் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு, அதே கண்ணோடு, பிள்ளைகளின் வேலைகளுக்குப் போனார்கள். சாக்குப் பசுவைச் செய்தவளின் தகப்பன் அதன் கழுத்தில் கையை வைத்துத் தடவினார், உயிருள்ள மாட்டைத் தடவுவது போல. “எங்கடை சிவப்பி,” என்றார் மகளிடம். “ஓமப்பா,” என்றாள் அவள். ரீச்சர் சட்டென்று யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அப்போது இரைச்சல் கேட்டது.

எனக்கு இந்த முறை புத்தி இருந்தது. ஒருமுறை அவமானப்பட்டவன் அல்லவா? சனம் தலை நிமிர்த்தியது. நான் கையை உயர்த்தி, அதிபருக்குக் கேட்கும்படி பெரிய மனிதத் தோரணையில் சொன்னேன், “பயப்பிடாதேங்கோ. அது கந்தையா அண்ணையின்ரை பம்ப்.”

கந்தையா அண்ணை எனக்குப் பக்கத்தில் நின்றார்.

“தம்பி,” என்றார் அவர், “பம்ப் வீட்டிலை நிக்குது. நான் இஞ்சை நிக்கிறன்.”

பிறகு நடந்தது ஒரு நிமிடத்துக்குள். கைகள் சுவருக்குப் பாய்ந்தன. சரஸ் என்னைத் தாண்டி எங்கள் பையை எடுத்ததைக் கண்டேன். கண்டும் என் கை சும்மா இருக்கவில்லை, பக்கத்து ஆணியில் இருந்ததைப் பிடுங்கிக்கொண்டது. பாடசாலைப் பங்கருக்குள் நான்தான் முதலில் விழுந்தேன். என்மேல் ஊர் விழுந்தது.

அன்று குண்டு வேறெங்கோ விழுந்தது. வேறெங்கோ என்றால், வேறு யாருடையவோ வீட்டில். அதை நினைக்காமல் இருக்க நாங்கள் பழகியிருந்தோம்.

இருட்டில் என் மடியில் கனமான பை ஒன்று இருந்தது. யாருடைய காணி உறுதியையோ திருடிவிட்டேனே என்று கையை விட்டுப் பார்த்தேன். காகிதக்கட்டு இல்லை. பெரிய மட்டை. புகையிலை மணம்.

மேலே வந்து ரீச்சரிடம் நீட்டினேன். “ரீச்சர், இதுக்குள்ளை புத்தகம் மட்டும்தான் கிடக்கு. உங்கடை உறுதியள், சேட்டிபிக்கற்றுகள்?”

“அதெல்லாம் அம்மாவின்ரை பையிலை,” என்றார் அவர். “இது என்ரை பை.”

மண்டபத்துக்குள் அதிபர் தனியே நின்றார். சுவர் முழுக்க வெறும் ஆணிகள், பெயர்கள். இடுப்பளவில், தலைக்கு மேலே, நிலத்திலிருந்து ஒரு சாணில். நான் பக்கத்தில் போய் நின்றேன். கண்காட்சி முடிந்த கையோடு சொல்வதாக வாக்குக் கொடுத்திருந்தேன் அல்லவா.

“சேர், நான் ஒண்டு சொல்லவேணும்.”

“பொறும்,” என்றார் அவர், ஆணிகளை விட்டுக் கண் எடுக்காமல். “கொஞ்சம் பொறும்.”

நான் பொறுத்தேன். வருடக்கணக்கில் பொறுத்தேன். ரீச்சர் வழியில் காணும்போதெல்லாம் கேட்பார், “சொல்லியாச்சோ?” நான் ஒவ்வொரு முறையும் சைக்கிளின் சங்கிலியைக் குனிந்து பார்ப்பேன்.

கொடிகாமத்தில்

எங்கள் ஊரிருந்த வலிகாமப் பகுதி முழுவதும் சண்டைக்குப் பயந்து ஒரே நாளில் எழும்பி நடந்த அந்த மழைக்காலத்தைப் பற்றி இந்தத் தொடரில் இன்னும் எழுதவில்லை. இப்போதும் எழுதப் போவதில்லை, ஒரு மரத்தடியை மட்டும் சொல்கிறேன்.

கொடிகாமம் சந்தைக்குப் பக்கத்தில் ஒரு புளிய மரம். சரஸும் நானும் அதன் கீழே ஒதுங்கினோம். பை அவள் தோளில். என் கையில் என்ன இருந்தது என்று கேட்காதீர்கள். சரி, சொல்கிறேன். மேசை விளக்கு. மின்சாரமில்லாத ஊரிலிருந்து மின்விளக்கைத் தூக்கிக்கொண்டு நடந்தவன் நான்.

ரீச்சர் அங்கே இருந்தார், தாயோடு, அந்தப் பையோடு. கொஞ்சத் தூரத்தில், வேரில் சாய்ந்து, அதிபர். இரண்டாவது முறையாக இடம்பெயர்ந்தவர். கறுத்த றெக்சின் பை மடியில் இருந்தது. எங்களைக் கண்டதும் கையைக் காட்டினார். கந்தையா அண்ணையை யாரும் காணவில்லை. குடிலைப் பூட்டிவிட்டு வருகிறேன் என்றாராம்.

ரீச்சர் புத்தகத்தை வெளியே எடுத்தார். ஈரம் பிடித்ததா என்று பார்க்கத்தான். அதிபர் கையை நீட்டினார். வாங்கி, படத்தைப் பார்க்காமல், மூக்கருகே கொண்டுபோனார்.

“இன்னும் மணக்குது,” என்றார்.

தெருவில் சனம் போய்க்கொண்டிருந்தது. தோளில் பை, கழுத்தில் பை, சைக்கிள் ஹாண்டிலில் பை, குழந்தையின் கையில் குட்டிப் பை. அதிபர் கனநேரம் அதைப் பார்த்தார். பிறகு பலகையாகிப்போன அந்தப் பக்கங்களை விரலால் தட்டி, என் பக்கம் திரும்பினார்.

“ஐசே, அந்தப் பையள் தொங்கின நாடு எது எண்டு நீர் இன்னும் சொல்லேல்லை.”

இதுதான் நேரம் என்று எனக்குத் தெரிந்தது. ரீச்சரின் கண் என்மேல் இருந்தது. மேசை விளக்கைக் கீழே வைத்தேன். தொண்டையைச் செருமினேன். சேர், சத்தியமாக நான் சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

ரீச்சர் முந்திக்கொண்டார்.

“அது ஒட்டின பக்கத்திலை இருக்கு சேர்,” என்றார்.